சாவிச் சின்னமும் அறுபதுக்குப் பூஜ்யமும்

மொரிஷியஸ் தொழிலாளர் கட்சி 1982 பொதுத்தேர்தலில் 60-0 என்று தோற்றது. 1995ல் 60-0 என்று ஜெயித்தது. 2024 நவம்பரில் கூட்டணி வைத்து இன்னொரு முறை 60-0 என்று ஜெயித்தது. பெரிய தீவில் 20 தொகுதிகள், ஒவ்வொன்றிலும் 3 இடங்கள், அந்த அறுபதும் அப்படியே ஒரு பக்கம் போய்விடும். மீதி 2 இடங்கள் ரொட்ரிக்ஸ் தீவுக்கு, அது தனிக் கணக்கு. ஒவ்வொரு வாக்காளருக்கும் 3 ஓட்டு. மூன்றையும் ஒரே அணிக்குப் போட்டுவிட்டுப் போகிறவர்கள்தான் அதிகம் என்பதால், நாடு முழுக்க 60 சதவீதத்துக்குச் சற்று மேலே வாங்கினாலே எதிரணியைத் துடைத்துப் போட்டுவிட முடிகிறது. அப்புறம் சமூகவாரியாகப் பார்த்துத் தோற்றவர்களில் சிலரை உள்ளே கூப்பிட்டுக்கொள்ள ஒரு ஏற்பாடு இருக்கிறது, அதனால் சபையில் எதிர்க்கட்சி என்று சொல்லிக்கொள்ள ஓரிருவராவது மிஞ்சுவார்கள்.

தைப்பூசத்துக்கு அரசு விடுமுறை விடுகிற நாடு என்ற அளவில்தான் நம் ஆட்களில் பலருக்கும் மொரிஷியஸ் தெரியும். எனக்கு அங்கே காவடியைவிட இந்தக் கட்சிமேல்தான் ஈர்ப்பு. சிவப்புக் கொடி, சாவிச் சின்னம், 90 வருஷ வரலாறு. ஒரு இடதுசாரிக் கட்சி எதைக் கொடுத்து வளர்கிறது, பதவிக்கு வந்தபின் எதையெல்லாம் மறக்கிறது, மறந்தபின்னும் மக்கள் ஏன் அதனிடமே திரும்பிப் போகிறார்கள் என்று பார்க்க, சுமார் 13 லட்சம் பேர் உள்ள இந்தத் தீவைவிட வசதியான இடம் எனக்குத் தெரிந்து இல்லை.

கட்சியை ஆரம்பித்தவர் மொரீஸ் க்யூரே, ஒரு டாக்டர், ஆப்பிரிக்க, ஐரோப்பியக் கலப்பில் வந்த கிரியோல் சமூகத்துக்காரர். 1934ல் இடைத்தேர்தலில் ஜெயித்து ஆட்சிமன்றத்துக்குப் போனவர் 1936 ஜனவரியில் தோற்றார், அடுத்த மாதமே, பிப்ரவரி 23 அன்று, போர்ட் லூயிஸ் குதிரைப் பந்தயத் திடலான ஷான் தெ மார்ஸில் கூட்டம் போட்டுத் தொழிலாளர் கட்சியை அறிவித்தார். அவரைச் சுற்றியிருந்தவர்களைப் பார்த்தால், பண்டிட் சகாதேவ் என்ற இந்து, மமோத் அசென்ஜி என்ற முஸ்லிம், பிரிட்டனில் தொழிற்சங்க அனுபவம் பெற்றுத் திரும்பிய எம்மானுவேல் ஆங்கெத்தில் என்ற கிரியோல். இனவாரியாகப் பிரிந்து கிடந்த ஊரில் இது சாதாரண விஷயம் இல்லை. ஓட்டு என்பது அப்போது சொத்தும் வருமானமும் உள்ளவர்களுக்கு மட்டும்தான். கரும்பு வெட்டுகிற ஒருவனுக்குச் சபையில் ஆள் கிடையாது, சங்கம் வைக்கவும் சட்டம் இல்லை.

கட்சி பிறந்து ஒன்றரை வருஷத்தில் கரும்புக்காடு தீப்பிடித்தது. உபா என்று ஒரு கரும்பு ரகம். சர்க்கரை கொஞ்சம் குறைவு, ஆனால் தாக்குப்பிடிக்கும், அதனால் சிறு விவசாயிகள் அதைத்தான் போட்டிருந்தார்கள். 1937ல் ஆலைகள் உபாவுக்கு 15 சதவீதம் விலையைக் குறைத்தன. சிறு விவசாயியும் கூலிக்காரனும் சேர்ந்து தெருவுக்கு வந்தார்கள், ஆகஸ்டில் யூனியன் ஃப்ளாக் தோட்டத்தில் துப்பாக்கிச்சூடு, உயிர்கள் போயின. அந்தத் தோட்டத்தின் முதலாளி வெள்ளைக்காரர் இல்லை, இந்திய வம்சாவளிக் குடும்பம். இந்த ஒரு விவரத்தை நான் அடிக்கடி நினைத்துக்கொள்வேன், ஏனென்றால் பின்னால் இந்தக் கட்சியை இனத்தின் கணக்கில் மட்டுமே பேசினார்கள், ஆரம்பத்தில் சண்டை வேறு கணக்கில் இருந்தது.

ஹூப்பர் என்பவர் தலைமையில் விசாரணைக் கமிஷன், அதன் அறிக்கை, 1938ல் சங்கங்களை அனுமதிக்கும் ஒரு சட்டம், தொழிலாளர் துறை என்று எல்லாம் வந்தது. ஆனால் அதே வருஷம் செப்டம்பரில் துறைமுகத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது கவர்னர் பீட் க்ளிஃபோர்ட் ஆங்கெத்திலைப் பிடித்து ரொட்ரிக்ஸுக்குக் கப்பலேற்றினார், க்யூரேவை வீட்டுக்காவலில் வைத்தார். சலுகை கொடுத்த கையாலேயே விலங்கும். சில வருஷங்களில் க்யூரே தலைமையிலிருந்து விலகினார், ஆங்கெத்தில் வந்தார், 1946ல் அவர் இறந்ததும் கீ ரோஸ்மோன். கட்சி அலுவலகம் இருக்கும் சதுக்கத்துக்கு இன்றைக்கும் ரோஸ்மோன் பெயர்தான்.

நடுவில் 1943 செப்டம்பர் 27 இருக்கிறது. பெல் வ்யூ ஹாரெல் தோட்டத்தில் போலீஸ் சுட்டு 4 பேர் செத்தார்கள். அந்தப் போராட்டத்தைக் கட்சி நேரடியாக நடத்தவில்லை, வடக்குத் தோட்டங்களில் தனியாக வளர்ந்த சங்கத்தின் வேலை அது. ஆனாலும் சொல்லாமல் விட முடியாது. இறந்தவர்களின் பெயர்களைத் தமிழில் எழுதிப் பாருங்கள்: அஞ்சலை குப்பன், கிருஷ்ணசாமி முனுசாமி, முனுசாமி முனியன். அஞ்சலை அப்போது கர்ப்பிணி. இப்போது அந்த ஊரில் ஒரு பெரிய விளையாட்டு அரங்கத்துக்கு அவள் பெயர் வைத்திருக்கிறார்கள்.

ஓட்டு விஷயத்துக்கு வருவோம். 1947 அரசியல் சட்டம், ஏதாவது ஒரு மொழியில் எளிய வாக்கியம் எழுதப் படிக்கத் தெரிந்தால் ஓட்டு என்றது. அந்த மொழிகளில் தமிழ் உண்டு, தெலுங்கு உண்டு, கிரியோலும் உண்டு. அதற்கு முன்னால் சுமார் 12,000 வாக்காளர்கள். 1948ல் 71,000க்கும் மேல். இந்த எண் தானாக ஏறியதில்லை. கிராமம் கிராமமாக ‘பைட்கா’ என்ற மாலைநேரக் கூடங்களில் உட்கார்ந்து, பகலெல்லாம் கரும்பு வெட்டிய ஆட்கள் எழுத்துக் கூட்டப் படித்தார்கள், இதில் பெரும் பங்கு வாசுதேவ் பிசுன்தயாள் நடத்திய இயக்கத்துக்கு, தொழிலாளர் கட்சிக்கு இல்லை. அறுவடை மட்டும் கட்சிக்கு.

அந்த 1948 தேர்தலில் சாதாரண மக்களின் ஆட்கள் பெரும்பான்மையாக ஜெயித்தும் ஒன்றும் நடக்கவில்லை. தேர்ந்தெடுக்கப்பட்டவர்கள் 19 பேர், ஆனால் கவர்னர் தன் பங்குக்கு 12 பேரை நியமிக்கலாம், நியமித்தவர்கள் பெரும்பாலும் தோட்ட முதலாளிகளின் பக்கம். 1953லும் இதே ஆட்டம். ஓட்டில் ஜெயித்து நியமனத்தில் தோற்பதென்றால் யாருக்குத்தான் எரிச்சல் வராது? எல்லோருக்கும் ஓட்டு, பொறுப்பாட்சி என்ற கோரிக்கையைத் தூக்கிக்கொண்டு கட்சி லண்டனுக்கு நடையாய் நடந்தது அந்த வருஷங்களில்தான். அனைவருக்கும் வாக்குரிமையோடு முதல் தேர்தல் 1959ல் நடந்தது.

இதற்குள் தலைமை சீவூசாகர் ராம்கூலத்திடம் வந்துவிட்டது. 1900ல் பெல் ரீவில் பிறந்தவர், சின்ன வயதில் மாட்டுக்கொட்டகையில் நடந்த விபத்தில் ஒரு கண் போனவர், லண்டனில் பதினாலு வருஷம் இருந்து டாக்டராகத் திரும்பியவர். வேடிக்கை என்னவென்றால் 1936ல் கட்சியைத் தொடங்கியவர்களில் அவர் இல்லை. 1940ல் கவர்னர் நியமித்த உறுப்பினராகத்தான் சபைக்குள் போனார், தொழிலாளர் கட்சிக்கு வந்தது பிற்பாடு. வந்தபின் கட்சியே அவராகிவிட்டது. தீவில் அவருக்கு ‘சாச்சா’, அதாவது சித்தப்பா, என்று பெயர். இன்றைக்கு விமான நிலையம், பாம்ப்லமூஸ் தாவரவியல் பூங்கா என்று எங்கே திரும்பினாலும் அவர் பெயர்தான்.

ரோஸ்மோன் 1956ல் இறந்தது, என் பார்வையில், கட்சியின் குணத்தையே மாற்றிய சம்பவம். கிரியோல் தொழிலாளியை இந்துக் கூலிக்காரனோடு பிணைத்து வைத்திருந்த கடைசிப் பெரிய தலைவர் அவர். அவருக்குப் பின் கட்சியின் பலம் கரும்புக்காட்டுக் கிராமங்களின் இந்து ஓட்டில் குவிந்தது, எதிரே காயேத்தான் டுவால் என்ற பேச்சாளர் எழுந்து, ‘கிங் கிரியோல்’ என்று பட்டம் வாங்கி, துறைமுகத்துக் கிரியோல் தொழிலாளியைத் தோட்ட முதலாளிகளின் பழைய கட்சிக்குக் கூட்டிக்கொண்டு போனார். 1967 ஆகஸ்ட் 7 தேர்தல் கிட்டத்தட்டச் சுதந்திரம் வேண்டுமா வேண்டாமா என்ற வாக்கெடுப்பு. ராம்கூலம் அணிக்கு 39 இடம், டுவால் கட்சிக்கு 23. ஆனால் ஓட்டில் 44 சதவீதம் பேர் வேண்டாம் என்ற பக்கம். ஒரு கிரியோல் டாக்டர் தொடங்கிய தொழிலாளர் கட்சி நாட்டுக்குச் சுதந்திரம் வாங்கியபோது கிரியோல் தொழிலாளிகளில் பெரும்பாலானவர்கள் எதிர்ப்பக்கம் நின்றார்கள், வசதி இருந்தவர்கள் ஆஸ்திரேலியாவுக்குக் கப்பலேறினார்கள். 1968 ஜனவரியில் போர்ட் லூயிஸில் கிரியோல், முஸ்லிம் கலவரம், அதை அடக்க சிங்கப்பூரிலிருந்து பிரிட்டிஷ் படை. அதற்கு ஒன்றரை மாதம் கழித்து, மார்ச் 12 அன்று, கொடி ஏறியது.

சுதந்திரத்துக்கு ஒரு விலையும் இருந்தது. 1965 செப்டம்பரில் லண்டன் பேச்சுவார்த்தையின்போது பிரிட்டிஷ் பிரதமர் ஹரோல்ட் வில்சன் ராம்கூலத்தைத் தனியாகச் சந்தித்தார். அந்தச் சந்திப்புக்கு முந்தின நாள் வில்சனுக்கு அவர் செயலர் எழுதிக் கொடுத்த குறிப்பு இன்று எல்லோரும் படிக்கக் கிடைக்கிறது: நம்பிக்கையைக் காட்டி அவரைப் பயமுறுத்துவதுதான் நோக்கம், சுதந்திரம் கிடைக்கலாம் என்பது நம்பிக்கை, மொரிஷியஸோடு சேர்ந்திருந்த சாகோஸ் தீவுகளைப் பிரிக்கச் சம்மதிக்காவிட்டால் கிடைக்காமல் போகலாம் என்பது பயம். ராம்கூலம் சம்மதித்தார், 30 லட்சம் பவுண்ட் இழப்பீடு. அடுத்த சில வருஷங்களில் சாகோஸ்காரர்களை மொத்தமாக அப்புறப்படுத்தி டியகோ கார்சியாவில் அமெரிக்க ராணுவத் தளம் கட்டினார்கள். வேறு வழி இருந்ததா என்று அங்கே இன்னும் சண்டை போடுகிறார்கள். குறிப்பைப் படித்தால் இல்லை என்றுதான் எனக்குத் தோன்றுகிறது, ஆனால் படகில் ஏற்றப்பட்டவர்களிடம் இதைச் சொல்லிப் பிரயோஜனம் இல்லை.

சரி, ஆட்சிக்கு வந்து என்ன செய்தார்கள்? முதலில் ஓய்வூதியம். முதியோர் உதவித்தொகை 1950லேயே வசதி இல்லாதவர்களுக்கென்று தொடங்கியது, 1958ல் வருமானம் பார்க்காமல் எல்லோருக்கும் என்று ஆனது. சர்க்கரையை மட்டும் நம்பிய ஏழைக் காலனிக்கு இது பெரிய துணிச்சல். 1961ல் பொருளாதார நிபுணர் ஜேம்ஸ் மீட் வந்து பார்த்து, மக்கள்தொகை போகிற வேகத்தில் இந்தத் தீவு தேறுவது கஷ்டம் என்று எழுதினார். பின்னால் நோபல் பரிசு வாங்கிய ஆள், அவர் ஜோசியம் இங்கே பலிக்கவில்லை.

அடுத்தது பள்ளிக்கூடம். 1975 மே 20 அன்று மாணவர்கள் ஆயிரக்கணக்கில் தலைநகரை நோக்கி நடந்தார்கள், போலீஸ் பாலத்தில் மறித்து அடித்தது. பயந்த அரசு ஓட்டு வயதை 18 ஆக்கியது, 1976 டிசம்பர் தேர்தலுக்கு முன்னால் உயர்நிலைக் கல்வி இலவசம் என்று அறிவித்து 1977 ஜனவரியில் அமலாக்கியது. தேர்தலுக்காகக் கொடுத்ததுதான், யார் இல்லை என்றது? இன்றைய மொரிஷியஸின் நடுத்தர வர்க்கம் அந்த அறிவிப்பிலிருந்து வந்தது.

ஆனால் அதே ஆட்சியின் இன்னொரு முகம் அவ்வளவு அழகில்லை. 1969ல் சுதந்திரத்தை எதிர்த்த டுவாலையே கூட்டணியில் சேர்த்துக்கொண்டார்கள், அந்தக் கையோடு 1972ல் வர வேண்டிய தேர்தலை 1976க்குத் தள்ளினார்கள். அந்த 1969லேயே போல் பெரான்ஜே என்ற இளைஞரும் சில நண்பர்களும் எம்.எம்.எம். (மொரிஷியஸ் போராளி இயக்கம்) என்ற புதுக் கட்சியைத் தொடங்கி, துறைமுகத்திலும் பஸ் டிப்போக்களிலும் சங்கம் கட்டி, வேலைநிறுத்தம் வேலைநிறுத்தமாக நாட்டை உலுக்கினார்கள். 1971 டிசம்பரில் நெருக்கடி நிலை, பத்திரிகைத் தணிக்கை, பெரான்ஜே உட்படப் பலருக்குச் சிறை. 1973ல் வந்த தொழில் உறவுச் சட்டத்தின் கீழ் சட்டப்படி வேலைநிறுத்தம் செய்வது ஏறக்குறைய நடக்காத காரியம். ஆங்கெத்திலைக் கப்பலேற்றிய கவர்னரைத் திட்டி வளர்ந்த கட்சி எழுதிய சட்டம் இது! ஏற்றுமதி மண்டலத் தொழிற்சாலைகளிலும் பெண்களை முறையான பாதுகாப்புகள் இல்லாமல் வேலை வாங்க 1970லேயே வழி செய்து கொடுத்திருந்தார்கள். வேலை கிடைத்தது, அதை மறுக்க முடியாது.

1976ல் எம்.எம்.எம். 34 இடங்களோடு முதலிடம், தொழிலாளர் அணி 28, டுவாலின் 8ஐச் சேர்த்து மயிரிழையில் தப்பினார்கள். பிறகு சர்க்கரை விலை சரிந்தது, 1979லும் 1981லும் ரூபாய் மதிப்பைக் குறைத்தார்கள், ஊழல் புகார்களைப் பேசிய இளைஞர்களைக் கட்சியைவிட்டே நீக்கினார்கள். 1982 ஜூனில் அந்த 60-0. ராம்கூலம் தன் பாம்ப்லமூஸ்-ட்ரியோலே தொகுதியிலேயே தோற்றார். ஆனால் ஜெயித்த கூட்டணி ஒரு வருஷத்துக்குள் உடைய, அதிலிருந்து பிரிந்த அனெரூத் ஜக்நாத்துக்குக் கைகொடுத்துத் தொழிலாளர் கட்சி மறுபடி அரசுக்குள் வந்துவிட்டது, ராம்கூலம் கவர்னர் ஜெனரல் ஆகி 1985ல் அந்தப் பதவியில் இருக்கும்போதே காலமானார். அவருக்குப் பிறகு அந்த மாளிகைக்குப் போனது, அவரிடம் நீண்ட காலம் நிதியமைச்சராக இருந்த தமிழ் வம்சாவளிக்காரர் வீராசாமி ரிங்காடு. 1992ல் நாடு குடியரசானபோது முதல் ஜனாதிபதியும் அவர்தான்.

மகன் நவீன் ராம்கூலம் வந்த கதையை நீட்ட வேண்டியதில்லை. அவரும் டாக்டர், பிறகு வக்கீல். தமிழ்நாட்டு வாசகருக்கு வாரிசு அரசியலை நான் விளக்கத் தேவையில்லை, அங்கே ஜக்நாத் வீட்டிலும் டுவால் வீட்டிலும் இதேதான். 1995ல் இந்தி, தமிழ் போன்ற கீழைமொழிகளின் மதிப்பெண்ணை ஆரம்பப் பள்ளி இறுதித்தேர்வுத் தரவரிசையில் சேர்ப்பதா என்ற சண்டையில் பிரதமர் அனெரூத் ஜக்நாத் சபையைக் கலைக்க, நவீனும், ஒரு காலத்தில் அவர் அப்பா ஜெயிலில் போட்ட பெரான்ஜேயும் கைகோத்து 60-0 வாங்கினார்கள். ஒன்றரை வருஷத்தில் பெரான்ஜேயை மந்திரிசபையிலிருந்து நீக்கினார் நவீன்.

அந்த ஆட்சியில்தான் ரூபாய் நோட்டு விவகாரம். 1998ல் மத்திய வங்கி வெளியிட்ட புது நோட்டுகளில் ஆங்கிலம், அடுத்து இந்தி, அதற்கடுத்துத் தமிழ் என்று இருந்தது. பழைய நோட்டுகளில் தமிழ் முந்தியிருந்தது, தீவுக்கு முதலில் வந்தவர்கள் நாங்கள் என்று தமிழர்கள் தெருவில் இறங்கினார்கள். நோட்டுகளைத் திரும்பப் பெற்று, 1999ல் தமிழை இரண்டாவதாக வைத்து மறுபடி அச்சடித்தார்கள். இதில் எனக்குப் பிடித்த விஷயம், அந்த 100 ரூபாய் நோட்டில் இருக்கும் முகம் ரெங்கநாதன் சீனிவாசன், 1958ல் இறந்துபோன தொழிலாளர் கட்சியின் தமிழ்த் தலைவர். ஆனால் அரசியல் சட்டத்தின் சமூகக் கணக்கில் தமிழரும் தெலுங்கரும் ‘இந்து’ என்ற பெட்டிக்குள்தான், தனி எண்ணிக்கை கிடையாது. 1999 பிப்ரவரியில் கிரியோல் பாடகர் காயா போலீஸ் காவலில் இறந்து நாடே எரிந்ததும் இதே ஆட்சியில். க்யூரேவின் கட்சிக்கும் கிரியோல் குடியிருப்புகளுக்கும் இடையே எவ்வளவு தூரம் விழுந்திருந்தது என்பதை அந்த வாரம் காட்டியது.

2000ல் தோல்வி, 2005ல் மறுபடி வெற்றி. இம்முறை ஆயுதம் மறுபடி ஓய்வூதியம். முந்தைய அரசு 2004ல் வசதியுள்ளவர்களுக்குத் தொகையை நிறுத்தியிருந்தது. எல்லோருக்கும் திருப்பித் தருவோம் என்றார் நவீன், தந்தார், மாணவர்களுக்கும் முதியவர்களுக்கும் பஸ்ஸும் இலவசம். அதே நேரம் அவருடைய நிதியமைச்சர் ராமா சிதானென், இவரும் தமிழ் வம்சாவளி, ஏழைக்கும் பணக்காரனுக்கும் ஒரே 15 சதவீத வருமானவரி கொண்டுவந்தார். ஐரோப்பா சர்க்கரை விலையை வெட்டிய காலம், முதலீடு வேண்டியிருந்தது, புரிகிறது, ஆனாலும் ஒரு தொழிலாளர் கட்சி செய்கிற வேலையா இது? 2010 தேர்தலில் அவருக்கு சீட்டே கொடுக்கவில்லை.

2014ல் நவீனும் பெரான்ஜேயும் மறுபடி சேர்ந்தார்கள். நவீன் அதிகாரமுள்ள ஜனாதிபதி, பெரான்ஜே பிரதமர், அதற்கேற்ப அரசியல் சட்டத் திருத்தம் என்று திட்டம். கூட்டல் கணக்குப்படி தோற்கவே முடியாத அணி. எதிரே இருந்த கிழட்டு ஜக்நாத் ஓய்வூதியத்தை மாதம் 5,000 ரூபாய் ஆக்குகிறேன் என்று ஒரே வரி சொன்னார். நவீன், அப்பா தோற்ற அதே பாம்ப்லமூஸ்-ட்ரியோலேயில் தோற்றார். சில வாரங்களில் அவர் வீட்டில் போலீஸ் சோதனை, பெட்டகங்களில் 20 கோடி ரூபாய்க்கு மேல் ரொக்கம் என்ற செய்தி, கைது. குற்றம் எதுவும் செய்யவில்லை என்று மறுத்தார். 2019ல் தொகுதி மாற்றி நின்றார், அங்கேயும் தோல்வி. அந்த முறை எதிரணியின் வாக்குறுதி 13,500 ரூபாய் ஓய்வூதியம். தொழிலாளர் கட்சி கண்டுபிடித்த ஆயுதத்தை வைத்தே அதை இரண்டு முறை அடித்தார்கள்.

முடிந்தது கதை என்றுதான் பலர் எழுதினார்கள். 2024 அக்டோபரில் ‘மிஸ்யே முஸ்தாஸ்’ (மீசைக்காரர்) என்ற பெயரில் யாரோ ஒட்டுக்கேட்ட தொலைபேசி உரையாடல்களை இணையத்தில் கொட்ட ஆரம்பித்தார்கள், அனெரூத்தின் மகன் பிரவிந்த் ஜக்நாத்தின் அரசு பயந்து சமூக வலைத்தளங்களையே முடக்கியது, கண்டனம் கிளம்பியதும் ஒரே நாளில் திரும்பப் பெற்றது. நவம்பர் 10 தேர்தலில் 77 வயது நவீன் மூன்றாவது தடவை பிரதமர், துணைப் பிரதமர் பெரான்ஜே. 2025 மே 22 அன்று சாகோஸ் ஒப்பந்தம் கையெழுத்தானது: தீவுகளின் இறையாண்மை மொரிஷியஸுக்கு, டியகோ கார்சியா தளம் 99 வருஷக் குத்தகைக்கு. அப்பா விட்டுக்கொடுத்ததை மகன் மீட்டார் என்று கட்சிக்காரர்கள் கொண்டாடினார்கள். எங்களை யாரும் கேட்கவில்லை என்று சாகோஸ்காரர்களில் பலர் சொன்னார்கள், அதுவும் நியாயம்தான்.

இரண்டு வாரம்தான் அந்தக் கொண்டாட்டம். ஜூன் 5 பட்ஜெட்டில், நிதித்துறையையும் கையில் வைத்திருந்த பிரதமர், முதியோர் ஓய்வூதிய வயதை 60லிருந்து படிப்படியாக 65க்கு உயர்த்துவதாக அறிவித்தார். கடன் நாட்டின் மொத்த உற்பத்தியில் ஏறக்குறைய 90 சதவீதம், முதியவர்கள் கூடிக்கொண்டே போகிறார்கள், முந்தைய அரசு ஓட்டுக்காக ஏற்றி வைத்த தொகை வேறு. கணக்கு சரியாகத்தான் இருக்கிறது. ஆனால் தேர்தல் பிரசாரத்தில் இந்தக் கணக்கைப் பற்றி ஒருவரும் வாய் திறக்கவில்லை, 77 வயதில் பிரதமர் வேலை பார்க்கிற ஒருவருக்கும் நாற்பது வருஷம் கரும்பிலும் தையல் மெஷினிலும் உடம்பைக் கரைத்த ஒருவருக்கும் 65 என்பது ஒன்றல்ல. தொழிற்சங்கங்கள் போர்ட் லூயிஸில் ஊர்வலம் போயின.

அடுத்த தேர்தல் 2029ல் வர வேண்டும். 2024 தேர்தலுக்குப் பின் சபையில் எதிரணி விரல்விட்டு எண்ணுகிற அளவில்தான் மிஞ்சியது. அறுபது வயதைத் திருப்பித் தருவோம் என்று அவர்கள் சுவரொட்டி அடித்தால் எனக்கு ஆச்சரியமே இருக்காது, 2005ல் சாவிச் சின்னம் ஜெயித்ததும் ஏறக்குறைய அதே வாக்குறுதியில்தான்.